ஐம்பத்துமூன்று ஆண்டுக் காத்திருப்பு

ஸ்டான்லி க்வானின் ‘ரூஜ்’ படத்தைப் பேய்க்கதை என்பார்கள். எனக்கு அது ஹாங்காங்கின் வரலாறு. 1934இல் ஷெக் டொங் சுய் பகுதியில் காதலனோடு சேர்ந்து அபின் விழுங்கிய கணிகை யூ ஃபா (‘பூப்போன்றவள்’ என்று பொருள்), 1987இல் ஆவியாகத் திரும்புகிறாள். அவனைத் தேடி நாளிதழில் விளம்பரம் தரவேண்டும், கையில் காசில்லை. தெருவும் அடையாளம் தெரியவில்லை. அவள் இறந்த மறு ஆண்டே அங்கிருந்த விடுதிகளை அரசு மூடிவிட்டிருந்தது.

படம் வந்த காலத்தைக் கவனியுங்கள். 1984 உடன்படிக்கை, 1997க்குப் பிறகு 50 ஆண்டுகள் வாழ்க்கைமுறை மாறாது என்று அந்த ஊருக்கு வாக்களித்திருந்தது. யூ ஃபா ஒரு வாக்கை நம்பி 53 ஆண்டுகள் காத்திருந்தவள். அவனோ உயிர் பிழைத்து, கிழவனாகி, படப்பிடிப்புத் தளத்தில் துணைநடிகனாக ஒண்டிக்கிடக்கிறான். அவன் தந்த கன்னச்சாயச் சிமிழை அவனிடமே கொடுத்துவிட்டுப் போகிறாள்.