முகம் காட்டாத பேட்டியாளர்

இன்றைய டி.வி. பேட்டிகள் பலவற்றில் விருந்தினரை விடக் கேள்வி கேட்பவரின் குரல்தான் அதிகம் கேட்கிறது. எல்லாக் காலத்திலும் இப்படி இருந்ததில்லை.

1959-ல் பி.பி.சி. தொலைக்காட்சி ‘ஃபேஸ் டு ஃபேஸ்’ என்ற நிகழ்ச்சியைத் தொடங்கியது. கேள்வி கேட்டவர் ஜான் ஃப்ரீமன். நேயர்களுக்குப் பெரும்பாலும் தெரிந்தது அவருடைய பின்னந்தலை மட்டுமே! கேமரா எதிரில் இருப்பவரின் முகத்தை மிக நெருக்கத்தில் காட்டிக்கொண்டே இருக்கும்.

ஃப்ரீமனுக்கு அரசியல் தெரியாது என்று நினைத்துவிட வேண்டாம். தொழிற்கட்சி எம்.பி.யாக இருந்தவர். இலவச மருத்துவத் திட்டத்தில் கட்டணம் புகுத்தப்பட்டபோது, 1951-ல் இளநிலை அமைச்சர் பதவியை விட்டு விலகியவர். பின்னாளில், 1965 முதல் 1968 வரை, இந்தியாவுக்கான பிரிட்டிஷ் தூதராகவும் இருந்தார். ஆனாலும் நிகழ்ச்சியில் தன் கட்சியைப் பேசமாட்டார். சின்னக் கேள்வி, பிறகு மௌனம். அவ்வளவுதான்.

பெர்ட்ரண்ட் ரஸ்ஸல், மார்ட்டின் லூதர் கிங் போன்றோரும் அந்த நாற்காலியில் அமர்ந்தார்கள். ஆனால் அதிகம் பேசப்பட்டது 1959 அக்டோபரில் ஒளிபரப்பான கார்ல் யுங்கின் பேட்டி. 84 வயதான அந்த உளவியல் அறிஞரிடம், இப்போது கடவுளை நம்புகிறீர்களா என்று கேட்டார் ஃப்ரீமன். யுங் சற்றுத் தயங்கினார். பிறகு, நம்ப வேண்டிய தேவை இல்லை, தனக்குத் தெரியும் என்றார். ஃப்ரீமன் அதை வைத்து வாதாடவில்லை. அடுத்த கேள்விக்குப் போய்விட்டார்.

வாதம் வெளியில்தான் நடந்தது. யுங்குக்குக் கடிதங்கள் குவிந்தன. கடைசியில் அவரே 1960-ல் ‘தி லிஸனர்’ இதழுக்கு எழுதி விளக்க வேண்டியதாயிற்று. கடவுள் இருக்கிறார் என்று தான் அறிவிக்கவில்லை, தன்னை மீறிய, இன்னதென்று அறியமுடியாத ஒன்றை எதிர்கொள்வதையே சொன்னதாக விளக்கினார்.

அதே மௌனம் வேறொருவரைக் காயப்படுத்தவும் செய்தது. சிடுசிடுப்புக்குப் பேர்போன டி.வி. பிரபலம் கில்பர்ட் ஹார்டிங்கிடம், 1960 செப்டம்பரில், யாருடைய மரணத்தையாவது அருகிலிருந்து பார்த்ததுண்டா என்று கேட்டார் ஃப்ரீமன். ஹார்டிங்கின் தாய் சில ஆண்டுகளுக்கு முன்புதான் இறந்திருந்தார். அவர் குரல் உடைந்தது, கண்கள் கலங்கின. கேமரா நகரவில்லை. இரண்டு மாதத்தில் ஹார்டிங் இறந்துபோனார். அந்தக் கேள்விக்காக ஃப்ரீமன் பிறகு வருத்தம் தெரிவித்தார்.

யுங்குக்குத் தன் பதிலை விளக்க அவகாசம் கிடைத்தது, ஹார்டிங்குக்கு அது இல்லை. கேட்பவர் ஒதுங்கி நின்றால் பதில் சொல்பவரின் மனம் திறக்கும், உண்மைதான். ஆனால் திறந்த பிறகு கேமராவை எப்போது திருப்புவது என்பதும் பேட்டியாளர் அறிந்திருக்க வேண்டியதே. குறுக்கே பேசாமல் இருப்பது மட்டும் நாகரிகம் ஆகிவிடாது, இல்லையா?