மிசூரியின் எல்லைக் கோடுகள்: நிலத் தகராறும் அடிமைக் கணக்கும்

அகமதாபாத்தில் நூல் வியாபாரம் செய்து காலத்தை ஓட்டியவன் நான். கல்லூரிப் படிப்பு இல்லை. பேரேடு பார்த்துப் பழகிய கண்ணுக்கு ஒரு குணம் உண்டு. கூட்டல் சரியாகவே இருந்தாலும், இந்தத் தொகை ஏன் இந்தப் பக்கத்தில் வந்தது என்று கேட்டுக்கொண்டே இருக்கும். இந்தக் கட்டுரையும் அப்படி ஒரு கேள்வியில் பிறந்ததுதான்.

மகள் குடும்பம் அமெரிக்காவில் மிசூரி மாநிலத்துச் செயின்ட் லூயிஸ் நகரத்தில் இருக்கிறது. அங்கே போயிருந்தபோது பேரன் மரத்துண்டுகளைப் பொருத்தி அமெரிக்க வரைபடம் செய்துகொண்டிருந்தான். மிசூரித் துண்டைக் கையில் எடுத்தவன், "தாத்தா, மேலயும் கீழயும் ஸ்கேல் வெச்சு இழுத்த மாதிரி நேரா இருக்கு. இந்த மூலையில மட்டும் ஏன் கால் மாதிரி நீட்டிக்கிட்டிருக்கு?" என்றான். "தெரியலடா கண்ணா, படிச்சுட்டுச் சொல்றேன்" என்றேன்.

படித்தேன். அவன் கேட்டது ஒரு மூலையை. எனக்குக் கிடைத்ததோ மூன்று பக்கத்துக் கதை. மிசூரிக்குக் கிழக்கே மிசிசிப்பி ஆறு ஓடுகிறது. அது இயற்கை போட்ட எல்லை. தெற்கு, மேற்கு, வடக்கு மூன்றும் மனிதர் போட்டவை. அந்த மூன்றையும் பார்த்தால், நிலத்துக்காக நடந்த வழக்கோடு, மனிதனை மனிதன் சொத்தாக வைத்துக்கொள்ளும் வழக்கும் பின்னிக் கிடக்கிறது.

பதினொன்றுக்குப் பதினொன்று

1803-ஆம் ஆண்டு அமெரிக்க அரசு, பிரான்சிடமிருந்து லூயிசியானா என்ற பரந்த நிலப்பரப்பை 1 கோடியே 50 லட்சம் டாலருக்கு வாங்கியது. அங்கே காலங்காலமாக வாழ்ந்த பழங்குடி மக்களை யாரும் கேட்கவில்லை. அதன் தென்கோடி 1812-இல் லூயிசியானா மாநிலம் ஆயிற்று. மீதிக்கு மிசூரிப் பிரதேசம் என்று பெயர் வைத்தார்கள். அந்தப் பிரதேசத்தில் குடியேறியவர்கள் தங்கள் பகுதியைத் தனி மாநிலமாக்கும்படி 1818-இல் மனுக் கொடுத்தார்கள். 1820 கணக்கெடுப்பில் அங்கே 66,586 பேர். அவர்களில் 10,222 பேர் அடிமைகள். நூற்றுக்குப் பதினைந்து பேர் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

இங்கே ஒரு கணக்கு விவரம் சொல்லியாக வேண்டும். அமெரிக்க அரசியல் சட்டப்படி, கீழவையில் ஒரு மாநிலத்துக்கு எத்தனை இடம் என்று முடிவு செய்யும்போது, ஐந்து அடிமைகளை மூன்று பேராக எண்ணுவார்கள். அந்த அடிமைக்கு ஓட்டுக் கிடையாது. ஆனால் அவன் தலையைக் காட்டி அவனுடைய எஜமானர்கள் கூடுதல் இடம் பெறுவார்கள். நான் எத்தனையோ தில்லுமுல்லுக் கணக்குகளைப் பார்த்தவன். சட்டத்திலேயே எழுதி வைத்த இப்படி ஒரு கணக்கைப் பார்த்ததில்லை.

மேலவையான செனட்டிலோ மாநிலத்துக்கு இரண்டு இடம். 1819 முடிவில் அடிமை முறையைத் தடுத்த மாநிலங்கள் 11, அனுமதித்த மாநிலங்கள் 11. தராசு முள் நடுவில் நின்றது. எந்தப் பக்கம் ஒரு மாநிலம் கூடினாலும் முள் சாயும்.

1819 பிப்ரவரியில் நியூயார்க் உறுப்பினர் ஜேம்ஸ் டால்மட்ஜ் ஒரு திருத்தம் கொண்டு வந்தார். மிசூரிக்குள் புதிதாக அடிமைகளைக் கொண்டு வரக் கூடாது, மாநிலம் ஆன பிறகு பிறக்கும் அடிமைக் குழந்தைகளுக்கு 25 வயதில் விடுதலை தர வேண்டும் என்பது அதன் சாரம். கீழவை ஏற்றது, செனட் தள்ளியது.

அடுத்த ஆண்டு ஒரு சமரசம் பிறந்தது. மாசசூசெட்ஸிலிருந்து மெய்ன் என்ற பகுதி பிரிந்து அடிமையற்ற மாநிலமாக வரட்டும், மிசூரி அடிமை மாநிலமாக வரட்டும், பன்னிரண்டுக்குப் பன்னிரண்டு என்று நேர் செய்தார்கள். மிசூரிக்கு விதித்த தடையை நீக்கும் தீர்மானம் கீழவையில் 90-க்கு 87 என்ற வாக்கில் நிறைவேறியது. மூன்றே வாக்கு!

தெற்கு: பாகையும் அரைப் பாகையும்

இந்தச் சமரசத்தின் இன்னொரு பகுதிதான் தெற்கு எல்லையோடு சம்பந்தப்பட்டது. வட அட்சரேகை 36 பாகை 30 கலை என்பது பிரிட்டிஷ் காலத்திலேயே வர்ஜீனியாவுக்கும் வட கரோலினாவுக்கும் இடையே போட்ட எல்லை. அதையே மேற்கே நீட்டி மிசூரியின் தெற்கு எல்லை ஆக்கினார்கள். இல்லினாய் செனட் உறுப்பினர் ஜெஸ்ஸி தாமஸ், வாங்கிய நிலத்தில் இந்தக் கோட்டுக்கு வடக்கே மிசூரி ஒன்றைத் தவிர வேறெங்கும் அடிமை முறை கூடாது என்றார். 1820 மார்ச் 6-ஆம் நாள் அது சட்டமானது. ஆக, ஒரு மாநிலத்தின் எல்லைக்கோடே ஒரு தேசத்தை இரண்டாகப் பிரிக்கும் கோடாகவும் ஆகிவிட்டது.

இந்த நேர்கோடு தென்கிழக்கு மூலைக்கு வரும்போது மட்டும் கீழே இறங்கி 36 பாகை வரை போகிறது. பேரன் கேட்ட கால் இதுதான். உள்ளூரிலும் பூட்ஸ் குதிகால் என்றுதான் பெயர். ஜான் ஹார்ட்மன் வாக்கர் என்ற பெரிய நிலக்கிழாரின் நிலங்கள் அங்கே இருந்தன. தன் நிலம் ஆர்கன்சா பிரதேசத்தில் சேர்வதை அவர் விரும்பவில்லை. வேண்டியவர்களைப் பிடித்து எல்லையைக் கீழே இறக்கிவிட்டார் என்பது அந்த ஊர்க்காரர்கள் சொல்லும் வரலாறு. எங்கள் ஊர்ப் பக்கம் வந்தவாசிச் சீமையில் வரப்பை ஒரு முழம் நகர்த்தினாலே பஞ்சாயத்து கூடும். இது ஏறக்குறைய 55 கிலோமீட்டர்!

கோட்டுக்கு இரு பக்கமும் அடிமை முறைதான் என்பதால், இந்த மூலையில் அடிமை வழக்கு நேராக இல்லை. ஆனாலும் ஒன்று மனதில் தைத்தது. ஒரு நிலக்கிழாரால் தேசத்தின் கோட்டை வளைக்க முடிந்தது. அதே கோட்டால் வாழ்க்கை முடிவான 10,222 பேரில் ஒருவரையும் கூப்பிட்டுக் கேட்கவில்லை.

மிசூரிக்காரர்கள் எழுதிய அரசியல் சட்டத்தில், விடுதலை பெற்ற கறுப்பின மக்களும் உள்ளே வரக் கூடாது என்று ஒரு பிரிவைச் சேர்த்தார்கள். அதனால் மறுபடி தகராறு. ஹென்றி கிளே இரண்டாவது சமரசம் பேசி முடித்த பிறகு, 1821 ஆகஸ்டு 10-ஆம் நாள் மிசூரி 24-ஆவது மாநிலமாக ஆயிற்று.

மேற்கு: 7,500 டாலர்

மேற்கு எல்லை, கான்சாஸ் ஆறு மிசூரி ஆற்றில் கலக்கும் இடத்திலிருந்து வடக்கே நேராகப் போன ஒரு கோடு. அந்தக் கோட்டுக்கும் வளைந்து போகும் மிசூரி ஆற்றுக்கும் நடுவே முக்கோணமாக நல்ல கரிசல் நிலம் இருந்தது. பழங்குடி மக்களுக்கு என்று விடப்பட்ட நிலம். குடியேறியவர்கள் கண் அதன் மேல் விழுந்தது. செனட் உறுப்பினர்கள் பென்டனும் லின்னும் தலைநகரத்தில் முயன்றார்கள். 1836 செப்டம்பரில் அயோவா மக்களோடும் சாக், ஃபாக்ஸ் மக்களோடும் ஓர் உடன்படிக்கை எழுதப்பட்டது. அரசு தரப்பில் அதை முடித்தவர் வில்லியம் கிளார்க். கொடுத்த பணம் 7,500 டாலர். நிலம் 3,000 சதுர மைலுக்கு மேல். கையெழுத்துப் போட்டவர்கள் ஆற்றைக் கடந்து போனார்கள். இன்று அங்கே ஆறு மாவட்டங்கள் இருக்கின்றன.

1820 சட்டப்படி அந்த நிலம் அடிமை முறை கூடாத நிலம். 1837-இல் மிசூரியோடு சேர்ந்தவுடன் அது அடிமை நிலம் ஆகிவிட்டது. பதினேழே வருஷத்தில் சமரசத்தைச் சத்தமில்லாமல் ஒரு மூலையில் அறுத்துவிட்டார்கள். 1854-இல் கான்சாஸ்-நெப்ராஸ்கா சட்டம் வந்து பழைய கோட்டையே எடுத்துவிட்டபோது, கான்சாஸுக்குள் புகுந்து அடிமை முறைக்காகக் கலகம் செய்த கூட்டங்கள் பல இந்தப் பகுதியிலிருந்துதான் கிளம்பின.

வடக்கு: தேன் மரங்கள்

வடக்கு எல்லைக் கதை முதலில் சிரிப்பை வரவழைக்கும். 1816-இல் ஜான் சல்லிவன் என்ற நில அளவையாளர் ஒரு கோடு அளந்தார். திசைகாட்டி காந்த ஊசியின் விலகலைச் சரியாகத் திருத்தாததால் கோடு நேராகப் போகாமல் சாய்ந்தது. பிறகு மிசூரியின் சட்டத்தில், டிமாய்ன் ஆற்றின் பாய்ச்சல் வழியாகப் போகும் கோடு என்று எழுதினார்கள். எந்தப் பாய்ச்சல்? மிசிசிப்பி ஆற்றில் அந்தப் பெயர் கொண்ட பாய்ச்சலா, டிமாய்ன் ஆற்றுக்குள் இருக்கும் பாய்ச்சலா? 1837-இல் மிசூரி தனக்குச் சாதகமாகச் சுமார் 9 மைல் வடக்கே தள்ளி ஒரு கோடு அளந்தது. எதிர்ப் பக்கம் அயோவாப் பிரதேசம் ஒப்புக்கொள்ளவில்லை.

1839-இல் மிசூரி ஷெரிப் வரி வசூலிக்கப் போக, அயோவாக்காரர்கள் அவரைப் பிடித்து வைத்தார்கள். தேன்கூடு இருந்த மரங்களை மிசூரிக்காரர் ஒருவர் வெட்டிவிட்டார் என்ற புகாரும் சேர்ந்துகொண்டது. இரண்டு பக்கமும் படை திரண்டது. இதற்குத் தேன் போர் என்றே பெயர். தேன் எங்கள் வீட்டுச் சமையலறையில் புழங்காத பொருள். அதற்காக ஒரு போரா என்று நினைத்துக்கொண்டேன். நல்ல வேளை, யாரும் சாகவில்லை. வழக்கு உச்ச நீதிமன்றம் போய், 1849-இல் சல்லிவனின் சாய்ந்த பழைய கோடே செல்லும் என்று தீர்ப்பானது. அதை மறுபடி அளந்து அடையாளக் கம்பங்கள் நட்டார்கள்.

ஆனால் அந்த 9 மைல் பட்டைக்குள் தேனைவிடப் பெரிய விஷயம் ஒன்று இருந்தது. கோட்டுக்குத் தெற்கே அடிமை முறை சட்டம். வடக்கே அது குற்றம்.

கோட்டைக் கடந்த இருவர்

பேரனுக்குத் தொலைபேசியில் இதையெல்லாம் சொன்னேன். அவன் கேட்டான்: "அப்போ ஒரு ஸ்லேவ் அந்தக் கோட்டைத் தாண்டி நடந்து போனா என்ன ஆகும் தாத்தா?" குழந்தைகள் கேட்பதுதான் கேள்வி. அதற்குப் பதில் இரண்டு பேருடைய வாழ்க்கையில் இருக்கிறது.

ஒருவர் ரால்ஃப். தன் விடுதலைக்கு 550 டாலர் தருவதாக மிசூரி எஜமானரோடு எழுத்தில் ஒப்பந்தம் செய்துகொண்டு, அவருடைய சம்மதத்தோடு வடக்கே டபுக் ஊரின் ஈயச் சுரங்கத்துக்கு வேலைக்குப் போனார். பணம் சேரவில்லை. ஆள் வைத்து அவரைப் பிடித்துக்கொண்டு போகப் பார்த்தார்கள். அயோவா உச்ச நீதிமன்றம் 1839 ஜூலையில் தீர்ப்புச் சொன்னது: கடன் கடன்தான், கொடுக்க வேண்டியதுதான். ஆனால் அடிமை முறை இல்லாத நிலத்தில் கடனுக்காக ஒருவரை அடிமை ஆக்க முடியாது. அந்த நீதிமன்றத்தின் முதல் வழக்கே இதுதான். தேன் போர் நடந்த அதே வருஷம்!

இன்னொருவர் ட்ரெட் ஸ்காட். எஜமானரான ராணுவ மருத்துவரோடு இல்லினாயிலும், 36 பாகை 30 கலைக்கு வெகு வடக்கே ஸ்நெல்லிங் கோட்டையிலும் வாழ்ந்தவர். செயின்ட் லூயிஸ் திரும்பிய பின், 1846-இல் அவரும் மனைவி ஹேரியட்டும் விடுதலை கேட்டு வழக்குப் போட்டார்கள். 1850-இல் ஜூரி விடுதலை தந்தது. 1852-இல் மிசூரி உச்ச நீதிமன்றம் அதைப் பறித்தது. 1857-இல் நாட்டின் உச்ச நீதிமன்றம், கறுப்பின மக்கள் குடிமக்களே ஆக முடியாது, 1820-இல் அந்தத் தடையைப் போட்டதே செல்லாது என்றது. தீர்ப்பு நாள் மார்ச் 6. சமரசம் சட்டமான அதே தேதி, 37 வருஷம் கழித்து. சில மாதங்களில் புதிய உரிமையாளர் மூலம் ஸ்காட் குடும்பம் விடுதலை பெற்றது. அடுத்த ஆண்டே அவர் காலமானார்.

1860-இல் மிசூரியில் அடிமைகள் 1,14,931 பேர். உள்நாட்டுப் போர் வந்து, 1865 ஜனவரி 11-ஆம் நாள் மிசூரி அடிமை முறையை ஒழித்தது.

நாமும் எல்லை தாண்டி வாழ்கிறவர்கள்தாம். இந்தக் குஜராத் மாநிலமே 1960 மே 1-இல் பிரித்து வரையப்பட்டதுதான். நமக்கு எல்லை என்றால் ரயிலில் தூங்கி விழித்தால் பெயர்ப் பலகையில் எழுத்து மாறியிருக்கும், அவ்வளவுதான். ரால்ஃபுக்கும் ஸ்காட்டுக்கும் எல்லை என்றால், தான் மனிதனா சரக்கா என்ற கேள்வி.

அந்த மரத்துண்டு இப்போது என் மேஜை மேல் இருக்கிறது. பேரன்தான் அடுத்த தடவை வந்தபோது கொடுத்துவிட்டுப் போனான். உங்கள் வீட்டுப் பிள்ளைகளும் வரைபடத்தைக் காட்டிக் கேட்பார்கள். "அது அப்படித்தான்" என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். அந்தக் கோட்டைப் போடும்போது யாரைக் கேட்டார்கள், யாரைக் கேட்கவில்லை என்று சேர்ந்து உட்கார்ந்து தேடுங்கள்.