திரைக்கு வந்த மாட்டு டாக்டர்

1954 நம் பக்கத்து மக்கள் மறக்காத ஆண்டு. மார்ச் கடைசியில் நெட்டப்பாக்கத்தில் இந்தியக் கொடி ஏறியது. நவம்பர் 1 அன்று புதுச்சேரி நிர்வாகம் பிரெஞ்சுக்காரரிடமிருந்து இந்தியாவின் கைக்கு வந்தது. மாடுகளைக் கொல்லும் வெக்கை நோயை ஒழிக்க நாடு தழுவிய திட்டம் தொடங்கியதும் அதே ஆண்டில்தான். ஏர்மாட்டை நம்பியிருந்த நம் ஊர் பண்டசோழநல்லூருக்கு அதுவும் ஒரு விடுதலைச் செய்திதான்.

வெக்கை கண்ட மாட்டுக்கு முதலில் கடுங்காய்ச்சல். கண்ணிலும் மூக்கிலும் நீர் வடியும். ஈறும் நாக்கும் புண்ணாகி, தீனி எடுக்காது. பிறகு நாற்றமடிக்கும் கழிச்சல். பத்துப் பன்னிரண்டு நாளில் தொழுவமே காலியாகிவிடும். மருந்து இல்லாமல் இல்லை. முக்தேஸ்வர் ஆய்வகத்தில் எட்வர்ட்ஸ் என்பவர் ஆட்டில் வளர்த்து வீரியம் குறைத்த தடுப்பூசி 1920களிலேயே வந்துவிட்டது. ராணிப்பேட்டையில் 1932 முதல் கால்நடைத் தடுப்பு மருந்து நிலையமும் இருந்தது. ஆனால் ஊசி போட்ட மாட்டுக்கு இரண்டொரு நாள் காய்ச்சல் வரும். நன்றாக இருக்கும் மாட்டுக்கு எதற்கு ஊசி என்று கேட்டவரை எப்படிக் குறை சொல்வது? அவருக்குக் கண்ணால் காட்ட வேண்டியிருந்தது.

அந்த வேலைக்குத்தான் செய்திப்படம் கைகொடுத்தது. 1948இல் பிலிம்ஸ் டிவிஷன் பிறந்தது. 1953 முதல் ஐந்தாண்டுத் திட்ட விளம்பரப் பிரிவுகள் வேனில் புரொஜக்டரை ஏற்றிக்கொண்டு கிராமங்களுக்குப் போயின. உழவும் கால்நடையும் திரையில் ஏறின.

இந்த வழியின் உச்சம் என்று நான் கருதுவது 1976இல் வந்த ‘மந்தன்’. ஆவணப்படங்களில் கைபழகிய ஷியாம் பெனகல், பால் கூட்டுறவு பற்றிய ஆவணப்படங்களுக்குப் பிறகு எடுத்த கதைப்படம் அது. நாயகன் ஒரு கால்நடை மருத்துவர். நடித்தவர் கிரிஷ் கர்னாட். குஜராத்தின் 5 லட்சம் பால்காரர்கள் ஆளுக்கு 2 ரூபாய் போட்ட பணத்தில் எடுத்த படம். 16 மி.மீ. பிரதிகளை ஊர் ஊராக அனுப்பி, கூடவே ஒரு கால்நடை மருத்துவரையும் அனுப்பினார் அந்தப் பால் கூட்டுறவை வளர்த்த குரியன். படம் முடிந்ததும் கேள்வி கேட்க எதிரில் ஆள் இருந்தார். இன்றைய விளம்பரப் படங்களில் நான் தேடுவது அந்த ஆளைத்தான்.



அப்படிப்பட்ட ஆட்களை உருவாக்கும் கால்நடை மருத்துவக் கல்லூரி நம் புதுச்சேரியின் குருமாம்பேட்டிலும் 1994இல் வந்தது. மறு ஆண்டு வட ஆற்காட்டுப் பகுதியில் கண்ட வெக்கைதான் இந்தியாவில் கடைசி. 2011இல் அது உலகத்தை விட்டே ஒழிந்ததாக அறிவிக்கப்பட்டது. அந்த நோயில் மாட்டை இழந்த பெரியவர்கள் இருக்கும்போதே, கல்லூரிப் பிள்ளைகள் ஒரு கேமராவோடு நம் ஊர்த் தெருக்களுக்கு வர வேண்டும்.