தஸ்பீஹ் மணி: பதினொன்றா, பன்னிரண்டா?

பதிவு கொஞ்சம் நீளம். தராவீஹ் முடிந்து வந்து ஆறுதலாக வாசியுங்கள்.

ஒவ்வொரு றமழானிலும் தலைநோன்பு பிடித்த கையோடு நமது வட்ஸ்அப் குழுமங்களில் சில விவாதங்கள் ஆரம்பித்துவிடும். தராவீஹ் எட்டா இருபதா என்பது முதலாவது. தஸ்பீஹ் மணி உருட்டுவது பித்அத்தா இல்லையா என்பதும் அந்த வரிசையில் உள்ளதுதான். என்னிடம் படித்த பிள்ளை ஒருவர் இரண்டு பக்க மவ்லவிமாரின் காணொளிகளையும் அனுப்பி, "சேர், இதில எது சரி?" என்று கேட்டிருந்தார். நான் பத்வா சொல்லும் ஆள் இல்லை, வரலாறு படிப்பிக்கிறவன். அதனால் வரலாற்றைச் சொல்கிறேன். அதில் ஒரு பகுதி நம்மில் பலர் கேள்விப்படாதது. அதற்காகத்தான் இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

முதலில் எண்ணிக்கை. தொழுகைக்குப் பின் ஸுப்ஹானல்லாஹ் 33, அல்ஹம்துலில்லாஹ் 33, அல்லாஹு அக்பர் 33, பிறகு ஒரு கலிமாவுடன் 100 ஆக்குவது முஸ்லிம் கிரந்தத்தில் உள்ள ஹதீஸ். தக்பீரை 34 ஆக ஓதும் அறிவிப்பும் உண்டு. வேலைக்கு ஆள் கேட்டுப் போன மகள் ஃபாத்திமாவுக்கு (ரழி) நபியவர்கள் (ஸல்) படுக்கைக்குப் போகுமுன் ஓதக் கற்றுக் கொடுத்ததும் இந்த 33, 33, 34 தான். எனவே எண்ணுவதில் யாருக்கும் பிணக்கில்லை. எதைக் கொண்டு எண்ணுவது என்பதில்தான் கதை தொடங்குகிறது. இடையில் ஒரு விஷயம்: 99 மணி அல்லாஹ்வின் 99 திருநாமங்களுக்காகக் கோக்கப்பட்டது என்று பலர் நினைக்கிறார்கள். அஸ்மாஉல் ஹுஸ்னாவையும் அதில் ஓதலாம்தான். ஆனால் மூன்று 33 சேர்ந்தாலே 99 வந்துவிடுகிறது.

நபியவர்கள் விரலால் எண்ணியதாகவும், விரல்கள் மறுமையில் சாட்சி சொல்லும் என்பதால் விரலால் எண்ணுமாறு பெண்களுக்குச் சொன்னதாகவும் அபூ தாவூதிலும் திர்மிதியிலும் உண்டு. பேரீச்சங்கொட்டை அல்லது பொடிக்கற்களை முன்னால் வைத்து ஒரு பெண் எண்ணிக்கொண்டிருந்ததை நபியவர்கள் கண்டதாகவும், அதைவிட இலேசானதொன்றைக் கற்றுக் கொடுத்ததாகவும் இன்னோர் அறிவிப்பு. இதன் பலத்தில் ஹதீஸ்கலை அறிஞர்களுக்குள் கருத்து வேறுபாடு இருக்கிறது. அபூ ஹுரைராவிடம் (ரழி) 2000 முடிச்சுள்ள ஒரு கயிறு இருந்ததென்றும் அதை ஓதி முடிக்காமல் அவர் உறங்கமாட்டார் என்றும் சொல்வார்கள். மறுபக்கத்தில், கூஃபா பள்ளிவாசலில் வட்டமாக உட்கார்ந்து கற்களால் எண்ணியவர்களை இப்னு மஸ்ஊத் (ரழி) கடிந்துகொண்டார் என்பது தாரிமியில் வருகிறது. இன்றைய இரண்டு காணொளிகளும் இந்த இரண்டு கரைகளில் நின்றுதான் பேசுகின்றன. எங்கள் உம்மும்மா புளியங்கொட்டையை வைத்து எண்ணுவார். அவருக்கு இந்த இரண்டு கரையும் தெரியாது.

கொட்டையும் கல்லும் எப்போது நூலில் ஏறின? கோத்த மாலை இந்தியாவில் மிகப் பழையது. இந்துக்களிடமும் பௌத்தர்களிடமும் 108 மணி. அங்கிருந்து பாரசீக வழியாக முஸ்லிம்களிடம் வந்திருக்கலாம் என்று ஆய்வாளர்கள் பலர் கருதுகிறார்கள். கிறிஸ்தவ துறவிகளிடம் முடிச்சுக் கயிறு இருந்தது, பிறகு செபமாலை வந்தது. மணியைக் குறிக்கும் 'பீட்' என்ற ஆங்கிலச் சொல்லே பழைய ஆங்கிலத்தில் பிரார்த்தனை என்ற பொருளில் இருந்த சொல்தான். பிரார்த்தனையை எண்ணிய பொருளுக்குப் பிரார்த்தனையின் பெயரே வந்துவிட்டது. நமக்கும் அப்படியே. தஸ்பீஹ் என்பது ஓதுவது, ஆனால் "என்ட தஸ்பீஹ் எங்க?" என்று தேடுவது மணியை.

அப்பாஸிய கலீஃபா அல்-அமீனின் காலத்தில் (809–813) சிறையிலிருந்த கவிஞர் அபூ நுவாஸ் எழுதிய ஒரு கவிதையில் தஸ்பீஹ் மணி பேசப்படுகிறது. மதுவைப் பாடியே பேரெடுத்த மனுஷன், விடுதலை கேட்கும்போது மணியை நினைத்துக்கொள்கிறார்! ஒரு நூற்றாண்டுக்குப் பின் 910இல் வபாத்தான ஜுனைத் அல்-பக்தாதியின் கையில் தஸ்பீஹைக் கண்டு, இவ்வளவு உயர்ந்த பிறகும் இது எதற்கு என்று கேட்டார்களாம். தன்னை இறைவனிடம் கொண்டு சேர்த்த வழியை எப்படி விடுவது என்பது போலப் பதில் சொன்னாராம். அப்படியென்றால் அக்காலத்தில் பெரியவர் ஒருவரின் கையில் மணி இருப்பது கேள்வி கேட்க வேண்டிய விஷயமாகத்தான் இருந்திருக்கிறது.

1328இல் வபாத்தான இப்னு தைமிய்யாவை மணிக்கு எதிரானவர் என்றே பலர் நினைக்கிறார்கள். அவர் விரலால் எண்ணுவது ஸுன்னா என்றார், கல்லாலும் கொட்டையாலும் எண்ணுவது நல்லதே என்றார், கோத்த மணியை நல்ல எண்ணத்தோடு பயன்படுத்தினால் குற்றமில்லை என்றார். அவர் கண்டித்தது கழுத்தில் மாலையாகவும் கையில் காப்பாகவும் பிறர் காணப் போடுவதை. அதே நூற்றாண்டில் வாழ்ந்த மாலிகி அறிஞர் இப்னுல் ஹாஜ்ஜும் அந்தப் பகட்டைத்தான் சாடினார். 1505இல் வபாத்தான இமாம் சுயூத்தி மணிக்கு ஆதரவாகத் தனியே ஒரு சிறு நூலே எழுதினார். நமது காலத்தில் ஷெய்க் அல்பானி பித்அத் என்றார், ஷெய்க் பின் பாஸ் விரல் சிறந்தது, மணியும் கூடும் என்றார். ஆக ஒரே பக்கத்துக்குள்ளேயே இரண்டு கருத்து.

இவ்வளவும் கிதாபுகளுக்குள் நடந்த வாதம். இதைவிட்டு வெளியே வந்து, மணியின் எண்ணிக்கையில் ஒன்று கூடிக் குறைந்ததற்காக மக்கள் பிரிந்து, நாடு கடத்தப்பட்டு, உயிரும் போன ஓர் இடத்தைச் சொல்கிறேன். இடம் மேற்கு ஆபிரிக்கா, இன்றைய மாலி நாடு. அப்போது அது பிரெஞ்சுக் காலனி.

நம் நாட்டில் ஷாதுலிய்யா, காதிரிய்யா போல அந்தப் பக்கத்தில் மிகப் பெரிய தரீக்கா திஜானிய்யா. அல்ஜீரியாவில் 1737இல் பிறந்து 1815இல் மொரோக்கோவின் ஃபாஸ் நகரில் வபாத்தான அஹ்மத் அத்-திஜானி அதன் ஸ்தாபகர். அவர்களது தஸ்பீஹ் 100 மணி கொண்டது. இடையிடையே அடையாளத் தட்டுகள் இருக்கும்: 12, 18, 20, 20, 18, 12 என்று. முதல் தட்டு 12இல், இரண்டாவது 30இல், மூன்றாவது 50இல். நாளாந்த வழீஃபாவில் இஸ்திஃபார் 30, ஸலவாத் 50, கலிமா 100, 'ஜவ்ஹரத்துல் கமால்' என்ற ஸலவாத் 12. வெள்ளைத் துணி விரித்து, சுற்றி உட்கார்ந்து ஓதுவார்கள். கையிலுள்ள மணியே பாடக்குறிப்பு, புத்தகம் தேவையில்லை.

சண்டை அந்த 12இல்தான் வந்தது. தொடக்கத்தில் ஷெய்கு கற்றுக் கொடுத்தது 11 முறை என்று ஒரு சாரார் சொன்னார்கள். ஒருநாள் அவர் தாமதமாக வர, ஓதி முடித்திருந்த முரீதுகள் மரியாதைக்காக இன்னொரு முறை ஓதினார்களாம். அவர் தடுக்கவில்லை, அதுவே வழக்கமாகிவிட்டதாம். இது 11 பக்கத்தாரின் கதை. 12 பக்கத்தாருக்கோ ஷெய்கு மௌனமாக ஏற்றுக்கொண்டதே போதுமான சான்று. இரண்டு பக்கத்துக்கும் ஒரே குர்ஆன், ஒரே மத்ஹப், ஒரே ஷெய்கு. வித்தியாசம் ஒரு ஸலவாத்து.

மேற்கு ஆபிரிக்காவில் திஜானிய்யாவைப் பரப்பிப் பெரும் ஆட்சியையும் நிறுவியவர் அல்-ஹாஜ் உமர் தால் (வபாத் 1864). அவருடைய குடும்பம் 12. அல்ஜீரியாவின் தில்மிஸானிலோ 11 நிலைத்திருந்தது. 1900 அளவில் அங்கிருந்து ஷெய்கு முஹம்மத் அல்-அக்ழர் நியோரோ என்ற ஊருக்கு வந்து, ஹமாஹுல்லாஹ் என்ற இளைஞரைத் தன் வாரிசாகக் கண்டார். ஹமாஹுல்லாஹ் அதிகம் பேசாதவர், வீட்டை விட்டு அதிகம் வெளியே போகாதவர். ஆனால் கூட்டம் அவரைத் தேடி வந்தது. அவருடைய முரீதுகளின் தஸ்பீஹில் முதல் தட்டு 11ஆவது மணிக்குப் பின் வந்தது. ஒருவர் கையை நீட்டினால் எந்தப் பக்கம் என்று தெரிந்துவிடும்.

இங்கேதான் பிரெஞ்சு நிர்வாகம் உள்ளே வருகிறது. அவர்களுக்கு ஜவ்ஹரத்துல் கமாலும் தெரியாது, அதைப் பற்றிக் கவலையும் கிடையாது. ஆனால் தால் குடும்பத்துப் பெரியவர்கள் பலர் அரசுடன் ஒத்துழைத்தார்கள். ஹமாஹுல்லாஹ் அதிகாரிகளைப் போய்ச் சந்திப்பதுமில்லை, பதக்கம் கேட்பதுமில்லை. எதிர்க்கவும் இல்லை, சலாம் போடவும் இல்லை. காலனித்துவ அதிகாரிக்கு இதைவிடச் சந்தேகமான ஆள் வேறு யார்? கோப்புகளில் 'பதினொரு மணி திஜானிய்யா' என்று ஒரு பெயர் எழுதப்பட்டது. (மணி என்றதும் கடிகாரத்தை நினைக்க வேண்டாம்.) ஒரு வழிபாட்டு வேறுபாடு பொலிஸ் கோப்பின் தலைப்பாகிவிட்டது. ஊருக்குள் போட்டியாளர்கள் சொன்னதெல்லாம் அந்தக் கோப்புக்குள் போனது.

1925இல் அவர் 10 ஆண்டுத் தடுப்புக் காவலுக்கு நாடு கடத்தப்பட்டார். முதலில் மூரித்தானியா, பிறகு ஐவரி கோஸ்ட். 1936இல் ஊர் திரும்பினார். ஆபத்தில் இருப்பவர் போலத் தொழுகையைச் சுருக்கித் தொழுதார், அதுவும் அதிகாரிகளின் கண்ணில் குற்றமானது. பிரதேசத்தில் அவரது முரீதுகளுக்கும் வேறொரு கோத்திரத்துக்கும் இடையே பகை முற்றியிருந்தது. அவருடைய மூத்த மகன் ஒருமுறை அவர்களால் அவமானப்படுத்தப்பட்டார். 1940 ஓகஸ்ட்டில் அந்த மகனின் தலைமையில் பழிவாங்கும் தாக்குதல் நடந்தது. நூற்றுக்கணக்கானோர் கொல்லப்பட்டார்கள். இதை மறைத்து ஹமாஹுல்லாஹ்வின் பக்கத்தாரை வெறும் அப்பாவிகள் என்று எழுதுகிறவர்கள் உண்டு, அது சரியில்லை. கொல்லப்பட்டவர்களும் முஸ்லிம்களே.

1941இல் 30க்கு மேற்பட்டோருக்கு மரண தண்டனை நிறைவேற்றப்பட்டது. அவர்களில் ஷெய்குவின் புதல்வர்களும் இருந்தார்கள். தாக்குதலுக்கு அவர் உத்தரவிட்டார் என்று நிரூபிக்கப்படாமலே அவரும் கைதாகி அல்ஜீரியாவுக்கும் பிறகு பிரான்சுக்கும் கொண்டு போகப்பட்டார். 1943 ஜனவரியில் மொன்லூசோன் என்ற நகரத்தில் வபாத்தானார். செய்தி ஊருக்கு உடனே தெரிவிக்கப்படவில்லை. அவர் திரும்பி வருவார் என்று முரீதுகள் நீண்ட காலம் காத்திருந்தார்கள்.

எனக்கு இந்த வரலாற்றில் மிகவும் நெருக்கமானவர் வேறொருவர். தியெர்னோ போக்கார், ஒரு வாத்தியார். 1875இல் பிறந்தவர், உடுப்புகளில் பூத்தையல் வேலையும் செய்தவர், பன்தியாகரா என்ற ஊரில் குர்ஆன் மத்ரஸா நடத்தியவர். அவரும் தால் குடும்பம்தான், அதாவது பிறப்பால் 12. 1937இல் நியோரோவுக்குப் போய் ஹமாஹுல்லாஹ்வை நேரில் கண்டு பேசி, 11ஐ ஏற்றுக்கொண்டு திரும்பினார். வயது அறுபது தாண்டியிருந்தது. குடும்பத்தின் எதிர்ப்பக்கத்து மணியைக் கையில் எடுத்துக்கொண்டு சொந்த ஊருக்கே வந்தார். குடும்பம் அவரைத் துரோகியாகப் பார்த்தது. மத்ரஸா வெறிச்சோடியது, பிள்ளைகளை அனுப்பப் பெற்றோர் பயந்தார்கள், சொந்தக்காரர்கள் கதைப்பதை நிறுத்தினார்கள். 12 ஓதுபவர்களைப் பற்றி அவர் ஒரு கெட்ட வார்த்தை சொல்லவில்லை என்பதுதான் அவரைப் பற்றி எல்லோரும் நினைவுகூருவது. அந்த நிலையிலேயே வபாத்தானார்.

பிள்ளைகள் இல்லாத வகுப்பறையில் ஒரு வாத்தியார் உட்கார்ந்திருப்பது எப்படி இருக்கும் என்று கொரோனா காலத்தில் எங்களுக்குக் கொஞ்சம் விளங்கியது. அவருக்கு அது நோயால் வரவில்லை.

நம் ஊர்களிலும் ஒரு பள்ளிவாசல் இரண்டாகிப் போன கதைகள், ஜனாஸாவுக்குக்கூடப் போகாமல் விட்ட உறவுகள் இருக்கின்றன. பெயர் சொன்னால் இந்தப் பதிவின் கீழேயே இன்னொரு சண்டை தொடங்கும், அதனால் விடுகிறேன்.

மாணவரின் கேள்விக்கு வருகிறேன். தம்பி, விரலால் எண்ணுவதற்கு ஆதாரம் தெளிவு, நான் விரலால்தான் எண்ணுகிறேன். மணியால் எண்ணுபவருக்கும் ஆயிரம் வருட வழக்கமும் இமாம்களும் பின்னால் இருக்கிறார்கள். உம்றா போய் வருபவர்கள் பேரீச்சம்பழத்தோடும் ஸம்ஸம் தண்ணீரோடும் தரும் தஸ்பீஹ், இருட்டில் பச்சையாக மினுங்கும் பிளாஸ்டிக்காக இருந்தாலும், நான் திருப்பிக் கொடுப்பதில்லை. அந்தக் காணொளிகளில் ஹதீஸ் நம்பர்களை விட்டுவிட்டு, மற்றப் பக்கத்தாரை என்ன பெயர் சொல்லி அழைக்கிறார்கள் என்பதை மட்டும் ஒருமுறை கேட்டுப் பாருங்கள். நியோரோவில் 'பதினொரு மணிக்காரர்' என்ற பெயர் என்ன செய்தது என்பதை இப்போது நீங்கள் அறிவீர்கள்.

தியெர்னோ போக்காரின் வாழ்க்கையை எழுதியவர் அவருடைய மாணவர் அமாது ஹம்பாத்தே பா. முதல் வடிவம் 1957இல் ஒரு பிரெஞ்சு அதிகாரியோடு சேர்ந்து வெளியானது, பிறகு 1980இல் தானே திரும்ப எழுதினார். 12 ஓதும் குடும்பங்களின் ஊரில் வளர்ந்து, 11ஐ ஏற்ற குருவைப் பற்றி எழுதியும், இரண்டு பக்கத்தையும் மனிதர்களாகவே காட்டியிருக்கிறார். நாடக இயக்குநர் பீட்டர் புரூக் இதை மேடையேற்றியபோது நாடகத்துக்கு '11 மற்றும் 12' என்றே பெயர் வைத்தார். புத்தகம் ஆங்கிலத்தில் கிடைக்கிறது. அரபு மத்ரஸாவிலும் பிரெஞ்சுப் பாடசாலையிலும் படித்த ஒருவர் எழுதியது என்பதால் நமக்கு அந்நியமாகத் தெரியாது. யாராவது தமிழில் மொழிபெயர்க்க முன்வந்தால், ஒப்புநோக்கும் வேலையை நான் செய்து தருகிறேன்.