முகம் தெரியாத வேடம் கேட்ட நடிகர்

'செவன் சாமுராய்' (1954) பார்த்தவர்கள் ரிகிச்சியை மறந்திருக்க மாட்டார்கள். கொள்ளையரின் இருப்பிடம் தீப்பற்றி எரிகிறது. அவர்கள் கவர்ந்துசென்ற அவன் மனைவி வாசலுக்கு வருகிறாள். கணவனைக் கண்டதும் நெருப்புக்குள்ளேயே திரும்பி ஓடிவிடுகிறாள். மனைவி என்ற பேச்செடுத்தாலே ரிகிச்சி ஏன் சீறினான் என்பது அப்போதுதான் நமக்கு விளங்குகிறது.

ரிகிச்சியாக நடித்தவர் யோஷியோ சுச்சியா (1927–2017). ஜப்பானின் யமனாஷியில் பிறந்தவர், டோஹோ திரைப்பட நிறுவனத்தின் நடிகர். 'செவன் சாமுராய்' இயக்குநர் குரோசாவா, 'யோஜிம்போ'வில் (1961) மறுபடியும் அவரை மனைவியைப் பறிகொடுத்த ஏழையாக்கினார். 'ரெட் பியர்ட்'டில் (1965) மருத்துவராக்கினார். கனமான திரைப்பட வரலாறுகள் பெரும்பாலும் இத்தோடு அவரை விட்டுவிடுகின்றன. அதே டோஹோவில் குரோசாவாவின் நெடுநாள் நண்பர் இஷிரோ ஹோண்டா எடுத்த விண்வெளிப் படங்களும் பூதப் படங்களும் அவற்றின் கணக்கில் வருவதில்லை. சுச்சியாவுக்கு அந்தப் பாகுபாடு இருந்ததாகத் தெரியவில்லை.

'தி மிஸ்டீரியன்ஸ்' (1957) படத்தில் அவர் கேட்டு வாங்கியது வேற்றுக்கிரகத் தலைவன் வேடம். தலைக்கவசமும் கறுப்புக் கண்ணாடியும் முகத்தை மூடிவிடும், ஆளே தெரியாது என்று ஹோண்டா எச்சரித்தும் அவர் விடவில்லை. முகத்தைக் காட்டுவதற்காகவே ஆட்கள் வரும் சினிமாத் தொழிலில் இது விசித்திரமான ஆசைதான். மிச்சமிருந்தவை குரலும் கைகளும் நிற்கும் தோரணையும். 1965-இல் ஹோண்டாவின் இன்னொரு விண்வெளிப் படத்தில் எக்ஸ் என்ற கிரகத்தின் அதிபதியாக வந்தபோது அந்தக் கைகளுக்குத் தனிச் சைகைகளையும், வாய்க்கு யாருக்கும் புரியாத ஒரு பாஷையையும் அவரே உண்டாக்கிக்கொண்டார். படம் விளையாட்டுத்தனமானது, அவர் நடிப்பில் விளையாட்டு இல்லை.

அவருடைய உச்சம் என்று நான் சொல்வது 'தி ஹியூமன் வேப்பர்' (1960). விஞ்ஞானி ஒருவரின் சோதனையால் விரும்பியபோது ஆவியாகிவிடக்கூடிய நூலக ஊழியர், தான் நேசிக்கும் நடனக்காரியின் அரங்கேற்றச் செலவுக்காக வங்கிகளைக் கொள்ளையடிக்கிறார். அவர் ஆவியாகும்போது சட்டையும் கோட்டும் தொப்பென்று சரிகின்றன. தந்திரக்காட்சி எய்ஜி சுபுராயாவுடையது. ஆனால் அதற்கு ஒரு நொடி முன் உதட்டில் வரும் இளக்காரப் புன்னகை நடிகருடையது, பயமுறுத்துவதும் அதுதான். 'மட்டாங்கோ'வில் (1963) தீவில் ஒதுங்கிய உல்லாசப் படகின் முதலாளி. பட்டினிக்கு நடுவிலும் காசை நீட்டி ஆமை முட்டை வாங்கப் பார்க்கும் மனிதர்.

கசுகி ஓமோரி இயக்கிய 'காட்ஸில்லா எதிர் கிங் கிடோரா' (1991) படத்தில் அவர் தொழிலதிபர் ஷிண்டோ. போர்க்காலத்தில் தன் படையைக் காப்பாற்றிய டைனோசரே பிறகு காட்ஸில்லாவாகிவிட்டது. அது டோக்கியோவை அழித்துக்கொண்டு வரும்போது, தப்பியோடாமல் தன் கட்டடத்திலேயே காத்திருக்கிறார். சன்னலுக்கு வெளியே அந்தப் பிரம்மாண்டத் தலை. உள்ளே கண் கலங்கித் தலையசைக்கும் கிழவர். பிறகு அது அவரை எரித்துவிடுகிறது. படத்தின் காலப்பயணக் கதை ஓட்டை உடைசல். ரப்பர் உடுப்புப் பூதத்தைப் பழைய போர்த்தோழனாகப் பார்க்க சுச்சியாவால் முடிந்ததால்தான் இந்த ஒரு காட்சி அந்த ஓட்டைகளைத் தாண்டி நிற்கிறது.