கவுண்டர்சிங்க் துளையின் வரலாறு

கவுண்டர்சிங்க் துளை என்பது திருகாணி அல்லது ரிவெட்டின் கூம்பு வடிவத் தலை பரப்புக்கு மேலே துருத்தாமல் அமர்வதற்காக, வாய்ப்பகுதி கூம்பாக அகலப்படுத்தப்பட்ட துளையாகும். வீட்டுக் கதவின் கீலில் உள்ள துளைகள் இதற்கு நாள்தோறும் கண்ணில் படும் எடுத்துக்காட்டு. இன்று மேசை மேல் வைத்துப் பயன்படுத்தும் பொழுதுபோக்கு சிஎன்சி இயந்திரங்களிலும் மரம், அலுமினியம் ஆகியவற்றில் இத்துளைகள் வெட்டப்படுகின்றன. பார்வைக்கு எளிய வேலைதான். ஆனால் இதன் வரலாறு ஒரே கேள்வியைச் சுற்றி வருகிறது: கூம்பு எவ்வளவு ஆழம் இறங்க வேண்டும், அந்த ஆழத்தை எங்கிருந்து அளப்பது?

மரத் திருகாணி

இங்கிலாந்தில் ஜாப், வில்லியம் வயாட் சகோதரர்கள் 1760இல் திருகாணிகளை இயந்திரத்தில் செய்யும் முறைக்குக் காப்புரிமை பெற்றனர். அதன்பின் திருகாணி மெல்ல மலிவானது. அமெரிக்காவில் தாமஸ் ஸ்லோன் 1846இல் கூர்முனைத் திருகாணிக்குக் காப்புரிமை பெற்றார். தட்டைத் தலைத் திருகாணிக்குக் கூம்புக் குழி வேண்டும் என்பதைத் தச்சர்கள் நன்கு அறிந்திருந்தனர். ஆனால் மரம் பொறுமையான பொருள். குழி சற்று ஆழம் குறைந்தாலும் திருகாணியை இறுக்கும்போது தலை நார்களை நசுக்கிக்கொண்டு இறங்கிவிடும். ஆகவே துல்லிய ஆழம் என்பது தச்சுப் பட்டறையில் பெரிய சிக்கலாக எழவில்லை. அது எழுந்தது உலோகத்தில், அதிலும் விமானத்தில்.

விமானத் தகடுகள்

1930களில் விமானங்களின் வேகம் கூடியபோது, உடற்பகுதியிலும் இறக்கையிலும் வரிசை வரிசையாகத் துருத்திய குமிழ்த் தலை ரிவெட்டுகள் காற்றின் இழுவையைக் கூட்டுவது உறுத்தலாயிற்று. 1932 டிசம்பரில் முதன்முதலாகப் பறந்த ஜெர்மனியின் ஹைன்கெல் எச்இ 70 விமானத்தில் பரப்போடு சமமாக அமரும் ரிவெட்டுகள் பயன்பட்டன. அமெரிக்காவில் ஹோவர்ட் ஹியூஸ் தம் எச்-1 விமானத்தில் அவ்வாறே செய்து, 1935 செப்டம்பரில் மணிக்கு 352 மைல் வேகத்தில் பறந்து சாதனை படைத்தார். இதன் பயன் எவ்வளவு என்பதை ஸ்பிட்ஃபயர் விமானத்தில் செய்த ஒரு சோதனை வேடிக்கையான முறையில் காட்டியது. சமத்தலை ரிவெட்டுகளின் மேல் உடைத்த பட்டாணிப் பருப்பை ஒட்டி, குமிழ்த் தலை ரிவெட் போலாக்கிப் பறக்கவிட்டனர். வேகம் மணிக்கு 22 மைல் வரை குறைந்தது. பிறகு பருப்புகளை வரிசை வரிசையாக நீக்கி, எந்த இடத்தில் சமத்தலை கட்டாயம், எந்த இடத்தில் வேண்டியதில்லை என்று கண்டறிந்தனர்.

வரைபடத்தில் கோடு போடுவது எளிது. தொழிற்கூடத்தில் வெட்டுவதுதான் கடினம். விமானத்தின் அலுமினியத் தகடு மிக மெல்லியது. ரிவெட் தலையின் உயரத்தைவிடத் தகடு மெல்லியதாக இருந்தால், கூம்பு தகட்டை முழுவதும் ஊடுருவி, துளையின் விளிம்பைக் கத்தி முனையாக்கிவிடும். அந்த முனையில்தான் அதிர்வால் விரிசல் பிறக்கும். இத்தகைய இடங்களில் தகட்டை வெட்டாமல், அச்சு கொண்டு அழுத்திக் குழியாக்கும் முறை கையாளப்பட்டது.

கூம்பின் கோணத்திலும் தொடக்கத்தில் ஒற்றுமை இல்லை. நிறுவனங்கள் 78 பாகை முதல் 120 பாகை வரை வெவ்வேறு கோணங்களைப் பின்பற்றின. போர்க்காலத்தில் அமெரிக்கா 100 பாகையில் நிலைகொண்டது. காரணத்தைக் கணக்கிட்டுப் பார்க்கலாம். 3.2 மி.மீ. ரிவெட்டுக்கு 5.7 மி.மீ. அகலத் தலை என்று கொண்டால், 100 பாகையில் தலையின் உயரம் ஏறத்தாழ 1.05 மி.மீ.; 78 பாகையில் அதே அகலத்துக்கு 1.54 மி.மீ. ஆகிவிடும். மெல்லிய தகட்டுக்கு விரிந்த கோணமே ஏற்றது. ஆனால் அதற்கும் ஒரு விலை உண்டு. 78 பாகையில் ஆழம் 0.1 மி.மீ. தவறினால் குழியின் வாய் 0.16 மி.மீ. மாறும், 100 பாகையிலோ 0.24 மி.மீ. மாறும். கையில் துளைப்பானைப் பிடித்து நாள் முழுவதும் ஆயிரக்கணக்கான துளைகள் போடும் தொழிலாளிக்கு இது சிறிய வேறுபாடு அன்று.

தீர்வாக வந்தது மைக்ரோஸ்டாப் எனப்படும் ஆழத் தடுப்பு. வெட்டுமுனையைச் சுற்றி ஒரு கூண்டு, கூண்டின் பாதம் தகட்டின் மேல் அமரும், ஓர் அங்குலத்தில் ஆயிரத்தில் ஒரு பங்கு (சுமார் 0.025 மி.மீ.) அளவில் ஆழத்தைத் திருத்தி வைக்கலாம். ஆழம் தகட்டின் பரப்பிலிருந்தே அளக்கப்படுவதால் தகடு வளைந்திருந்தாலும் குழி மாறாது. பொறியியல் வரலாற்றாசிரியர் வால்டர் வின்சென்டி சமத்தலை ரிவெட்டின் இந்த வளர்ச்சியை 1984இல் ஒரு கட்டுரையில் ஆராய்ந்தார். விஞ்ஞானக் கோட்பாடு எதுவுமின்றி, தொழிற்கூடத்தின் அனுபவத்திலேயே பிறந்த பொறியியல் அறிவு என்று அவர் இதைக் காட்டினார். பொறியியல் மாணவர் படிக்க வேண்டிய கட்டுரை அது.

எண்களால் இயங்கும் இயந்திரம்

சிஎன்சியும் விமானத் தொழிலிலிருந்தே வந்தது. மிச்சிகன் மாநிலத்தின் டிராவர்ஸ் சிட்டியில் ஹெலிகாப்டர் இறக்கைகள் செய்துவந்த ஜான் பார்சன்ஸ், அவற்றின் வளைவுக்கான புள்ளிகளைத் துளை அட்டை இயந்திரத்தில் கணக்கிட்டார். ஒருவர் எண்களைப் படிக்க, வேறு இருவர் இயந்திரத்தின் இரு கைப்பிடிகளைத் திருப்பி அப்புள்ளிகளில் வெட்டினர். 1949இல் அமெரிக்க விமானப்படையின் ஒப்பந்தம் கிடைத்தது. 1952இல் எம்ஐடி ஆய்வகம் எண்களால் இயங்கும் மில்லிங் இயந்திரத்தைச் செய்துகாட்டியது. 2009இல் ஆர்டுவினோ பலகைக்காக வெளியான கிரிபிள் மென்பொருளும், 2011இல் வந்த ஷேப்பாக்கோ போன்ற எளிய இயந்திரங்களும் இத்தொழில்நுட்பத்தை வீட்டு மேசைக்குக் கொண்டுவந்தன.

இங்கே பழைய கேள்வி திரும்பி வருகிறது. சிஎன்சி ஆழத்தைப் பலகையின் பரப்பிலிருந்து அளப்பதில்லை. தனக்குச் சொல்லப்பட்ட சுழியப் புள்ளியிலிருந்து அளக்கிறது. மூலையில் சுழியம் வைத்த ஒட்டுப்பலகை நடுவில் 0.3 மி.மீ. உப்பியிருந்தால், 90 பாகைக் கூம்பின் வாய் அங்கே 0.6 மி.மீ. அகன்றுவிடும். ஒரே நிரலில் வெட்டிய இருபது துளைகள் இருபது அளவில் இருப்பதைக் கண்டு புதியவர்கள் நிரலைத்தான் முதலில் சந்தேகிக்கின்றனர். அடிப்பலகையை அதே இயந்திரத்தால் சீவிச் சமப்படுத்துவதும், ஒவ்வொரு துளைக்கும் அருகே தொடு உணரியால் பரப்பின் உயரத்தைக் கண்டறிவதும் மைக்ரோஸ்டாப்பின் பாதம் செய்த வேலையையே வேறு வழியில் செய்கின்றன.

அலுமினியத்தில் இன்னொரு சிக்கல் உண்டு. பொழுதுபோக்கு இயந்திரங்களின் மோட்டார் பெரும்பாலும் நிமிடத்துக்கு 10,000 சுற்றுக்குக் குறையாது. சட்டமோ அவ்வளவு விறைப்பானதன்று. அகலக் கூம்பு முனையை நேராக இறக்கினால் அதிர்வு எழுந்து குழியின் சுவரில் அலை அலையாகத் தழும்பு விழும். அலுமினியமும் முனையில் ஒட்டிக்கொள்ளும். எனவே முதலில் நேர்த்துளை போட்டு, பின்னர் சிறிய கூம்பு முனையைத் துளையைச் சுற்றிச் சுருளாக ஓட்டிச் சிறிது சிறிதாக அகலப்படுத்துகின்றனர். மரத்தில் நேராக இறக்கலாம். அடியில் முனையை நிறுத்தி வைத்தால் மட்டும் கருகும்.

முனை வாங்கும்போது கோணத்தையும் பார்க்க வேண்டும். மெட்ரிக் திருகாணியின் தலை 90 பாகை; அமெரிக்கத் திருகாணியின் தலை 82 பாகை. 82 பாகைக் குழியில் 90 பாகைத் தலை மேல் விளிம்பில் மட்டுமே தொடும். 90 பாகைக் குழியில் 82 பாகைத் தலை கழுத்தருகே மட்டும் தொட்டு, மேலே இடைவெளி விட்டு நிற்கும். மரத்தில் இறுக்கினால் இரண்டும் மறைந்துவிடும், அலுமினியத்தில் மறையாது.