குருதியோட்ட மீட்பு மருத்துவத்தின் வரலாறு

குருதியோட்ட மீட்பு என்பது அடைபட்ட தமனியைத் திறந்தோ, மாற்றுவழி அமைத்தோ உறுப்புகளுக்கும் கைகால்களுக்கும் மீண்டும் குருதி செல்லச் செய்யும் மருத்துவமுறையாகும்.

1964-இல் அமெரிக்க மருத்துவர் சார்லசு டாட்டர், காலை வெட்டியெடுக்கச் சம்மதிக்காத 82 வயது மூதாட்டியின் தொடைத் தமனியைக் குழல் செலுத்தி விரித்து, அக்காலைக் காப்பாற்றினார்.

இந்தியாவின் முதல் வெற்றிகரமான இதய பைபாஸ் அறுவையை 1975-இல் சென்னை பெரம்பூர் ரயில்வே மருத்துவமனையில் கே. எம். செரியன் செய்தார். 1977-இல் சூரிக் நகரில் ஆண்ட்ரியாசு குருன்ட்சிக், நெஞ்சைத் திறக்காமலே பலூனால் இதயத் தமனியை விரித்தார். அவரிடம் பயின்ற மாத்யூ சாமுவேல் களரிக்கல் 1986-இல் சென்னையில் அம்முறையைத் தொடங்கினார்.

மாரடைப்பில் தாமதமாகும் ஒவ்வொரு நிமிடமும் இதயத்தசை அழிகிறது. சிற்றூர்களுக்கோ பெரிய மருத்துவமனை தொலைவு. எனவே 2023-இல் தமிழ்நாடு அரசு தொடங்கிய 'இதயம் காப்போம்' திட்டத்தில், ஆரம்ப சுகாதார நிலையத்திலேயே குருதி உறைவைத் தடுக்கும் மாத்திரைகள் கொடுத்தபின் நோயாளி மேல்சிகிச்சைக்கு அனுப்பப்படுகிறார்.